எழுபது வளைவு ஏறிய விமானம்

விமானத்தில் ஒரு தடவைகூட ஏறாமல், ஒரு விமானத்தைப் பக்கத்தில் நின்றுகூடப் பார்க்காமல், தினமும் காலையில் ஐம்பது பேரை விமானப் பயணத்துக்குத் தயார் செய்த ஒரே மனிதர் இந்த உலகத்திலேயே எங்கள் பைலட்தான். இதை எந்த மேடையில் ஏற்றினாலும் சொல்வேன். சந்தேகப்படுகிறவர்கள் காரவள்ளிக்கு வரட்டும். சாட்சிக்கு ஒரு பஸ் நிறைய ஆள் கூட்டி வருகிறேன்.

பைலட் என்றதும் வெள்ளைச் சட்டையும் தோள்பட்டையில் தங்கக் கோடும் நினைத்துக்கொள்ள வேண்டாம். அவர் பஸ் கண்டக்டர். சேந்தமங்கலத்தில் காலை எட்டு மணிக்குக் கிளம்பி, காரவள்ளியில் மலையைத் தொட்டு, எழுபது கொண்டை ஊசி வளைவுகளையும் ஏறிக் கொல்லிமலைக்குப் போகும் ஒரு தனியார் பஸ்ஸில் விசில் அடிப்பதுதான் உத்தியோகம். பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று உண்டு. அது ரேஷன் கார்டோடு நின்றுவிட்டது. இந்தப் பட்டப்பெயரால் மனவருத்தம் அடைந்த ஒரே ஆள் எங்கள் டிரைவர். ஸ்டியரிங்கைப் பிடித்துக் கை காய்த்துப் போனவன் நான், பைலட் பட்டம் பின்னால் நிற்கிறவருக்கா என்று என்னிடம் பலமுறை நியாயம் கேட்டிருக்கிறார். நியாயம் அவர் பக்கம்தான். ஆனால் ஊர் வைக்கிற பெயருக்கு மேல்முறையீடு கிடையாது.

நான் அப்போது மலைமேல் ஓர் அரசு அலுவலகத்தில் குமாஸ்தா. தினமும் நாமக்கல்லில் இருந்து வந்து அந்த எட்டு மணி பஸ்ஸைப் பிடிப்பேன். கொரோனா இரண்டாவது அலை அடித்து ஓய்ந்து, பஸ்கள் மறுபடியும் ஓட ஆரம்பித்திருந்த சமயம். மாஸ்க் எல்லோரிடமும் இருந்தது. சிலருக்குத் தாடையில், சிலருக்கு ஒரு காதில், சிலருக்குச் சட்டைப் பையில். மூக்கில் இருந்தது பைலட்டுக்கு மட்டும்தான். விசிலைக்கூட மாஸ்க்குக்கு உள்ளேயே வைத்து ஊதுவார்.

அதே பஸ்ஸில் தினமும் வருகிற இன்னொருவர் செல்லக்கா, பைலட்டின் மனைவி. வீடு மலைமேல் ஆலத்தூர் நாட்டில். விடியற்காலை முதல் டிரிப்பில் கொய்யாவும் அன்னாசியும் கொண்டுவந்து சேந்தமங்கலத்தில் விற்றுவிட்டு, எட்டு மணி பஸ்ஸில் மேலே திரும்புவார். மூன்றாவது வரிசை, ஜன்னல் ஓரம். பஸ்ஸுக்குள் இருவரும் புருஷன் பெண்டாட்டி கிடையாது. அது பைலட் போட்ட சட்டம். பக்கத்தில் வந்து நின்று தினமும் கேட்பார்.

"ஏனுங்கம்மா, எங்கீங்க போகோணும்?"

செல்லக்காவும் தினமும் சளைக்காமல் சொல்வார். "என்ற ஊட்டுக்காரரு ஊட்டுக்குத்தானுங்க."

பைலட் கண்ணில் ஒரு மாற்றமும் இல்லாமல் டிக்கெட்டைக் கிழித்துக் கொடுத்துவிட்டு அடுத்த சீட்டுக்குப் போவார். கல்யாணமாகி இருபத்தாறு வருஷத்தில் ஒரு நாள்கூட மனைவியை டிக்கெட் இல்லாமல் ஏற்றியதில்லை என்பது அவருடைய பெருமை. அதைச் செல்லக்கா தன் பெருமையாகவும் சொல்லிக்கொள்வார்.

இவர்களுக்கு ஒரே மகள். மஸ்கட்டில் நர்ஸ். மருமகனுக்குக் கப்பலில் வேலை, ஆறு மாதம் தண்ணீரில் இருப்பவர். மகளுக்குத் தலைப்பிரசவம் நெருங்கியது. கூட யாரும் இல்லை. அம்மாவுக்கு விசா வந்துவிட்டது, டிக்கெட் வந்துவிட்டது. அப்பாவுக்கு விசா வரவில்லை. இதுவரை மலையை விட்டு சேலத்தைத் தாண்டாத செல்லக்கா, தனியாக விமானம் ஏறியாக வேண்டும். இன்னும் மூன்று வாரம்தான்.

மகள் வாட்ஸாப்பில் விமானப் பயணிகளுக்கான கொரோனா விதிமுறைகளை அனுப்பியிருந்தாள். எல்லாம் ஆங்கிலம். பைலட் அதை நெட் சென்டரில் பிரிண்ட் எடுத்து, பிளாஸ்டிக் உறையில் போட்டு, என் மடியில் கொண்டுவந்து வைத்தார். பஸ்ஸிலேயே விமானத்தில் போனவன் நான் ஒருவன்தான். ஆபீஸ் டிரெயினிங் என்று கொரோனாவுக்கு முன்னால் ஒரே ஒரு தடவை டெல்லிக்குப் போய் வந்தவன். ஆலையில்லாத ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை. காரவள்ளி தாண்டியதும் ஒரு கையால் முன் சீட்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு மொழிபெயர்க்க ஆரம்பித்தேன். மூக்கும் வாயும் தாடையும் மூடியிருக்க வேண்டும். சாப்பிட, தண்ணீர் குடிக்க மட்டும் எடுக்கலாம், உடனே போட்டுவிட வேண்டும். நனைந்தால் மாற்ற வேண்டும். கழிப்பறை முன்னால் கூட்டம் கூடாது. இறங்கும்போது வரிசை வரிசையாகத்தான் எழ வேண்டும். முகக்கவசம் சரியாக அணியாதவர்கள் இறக்கிவிடப்படுவார்கள்.

கடைசி வரியில் பைலட் உறைந்து போனார்.

"எறக்கி உட்ருவாங்களா? எங்கீங்க எறக்குவாங்க?"

விமானம் கிளம்புவதற்கு முன்னாலேயே இறக்கிவிடுவார்கள், நடு வானத்தில் அல்ல என்று விளக்கினேன். அவருக்குச் சமாதானம் ஆகவில்லை. டிக்கெட் எடுக்காதவர்கள், குடித்துவிட்டு வந்தவர்கள் என்று தன் சர்வீஸில் எத்தனையோ பேரை வழியில் இறக்கிவிட்டவர் அவர். இறக்கி விடுவது என்றால் என்ன என்று அவருக்குத் தெரிந்த அளவுக்கு யாருக்கும் தெரியாது. மெல்லத் திரும்பி மூன்றாவது வரிசையைப் பார்த்தார். செல்லக்கா மாஸ்க்கைத் தாடைக்குக் கீழே இழுத்துவிட்டு, பக்கத்து சீட்டுக்காரியிடம் கொய்யா விலை பேசிக்கொண்டிருந்தார்.

அதுதான் பிரச்சினை. செல்லக்காவுக்கு மாஸ்க் போடத் தெரியும், போட்டபடி இருக்கத் தெரியாது. பேச வேண்டுமென்றால் இறக்குவார். சிரிக்க இறக்குவார். தும்மல் வந்தால் மறக்காமல் இறக்கிவிட்டுத் தும்முவார். எதிரில் இருப்பவர் சொன்னது காதில் விழவில்லை என்றால் மாஸ்க்கை இறக்கிவிட்டு "என்னங்க சொன்னீங்க" என்று கேட்பார். காதுக்கும் வாய்க்கும் என்ன சம்பந்தம் என்று கேட்டால், அதையும் மாஸ்க்கை இறக்கிவிட்டுத்தான் யோசிப்பார். போதாக்குறைக்கு ஒன்பதாவது வளைவில் அவருக்கு வாந்தி வரும். கல்யாணமான வருஷத்திலிருந்து வருகிறது.

மறுநாள் காலை சேந்தமங்கலம் பஸ் ஸ்டாண்டில் எங்கள் பஸ் விமானமானது.

பைலட் படியில் குறுக்கே நின்றார். முதலில் பின் வரிசைக்காரர்கள் மட்டும் ஏற வேண்டும், பிறகு நடு வரிசை, கடைசியில் முன் வரிசை. எங்கள் ஊரில் பஸ் ஏறும் முறை வேறு. பஸ் நிற்பதற்கு முன்பே ஜன்னல் வழியாகத் துண்டைப் போட்டுவிட வேண்டும். துண்டு விழுந்த சீட் பட்டா நிலத்துக்குச் சமம். அன்றைக்கு ஜன்னல் வழியாக உள்ளே போன துண்டுகளையெல்லாம் பைலட் பொறுக்கி, மடித்து, அவரவர் கையில் திருப்பிக் கொடுத்தார். "இனிமேட்டு இந்த பஸ்ஸுல துண்டு செல்லாதுங்க." வாழைக்காய் வியாபாரி ஒருவர் கொதித்துப் போனார். என் தகப்பன் காலத்திலிருந்து துண்டு போட்டு வருகிறோம் என்று வாதாடினார். பைலட் அவரிடம் காய்ச்சல், இருமல் ஏதாவது உண்டா என்று கேட்டார். அதுவும் விதியில் இருக்கிறது, ஏறுவதற்கு முன்னால் உறுதிமொழி கொடுக்க வேண்டும்.

"இருமல் இருவது வருசமா இருக்குது. அது கொரோனாவுக்கு மூத்ததுங்க" என்றார் வியாபாரி, பீடியைக் காதில் செருகியபடி.

அவரை ஜன்னல் ஓரமாக உட்கார வைத்துத்தான் பஸ் கிளம்பியது.

காரவள்ளியில் வண்டியை நிறுத்தி, நடுவில் நின்று அறிவிப்பு கொடுத்தார். ஒரு கையால் மூக்கைக் காட்டி, ஒரு கையால் தாடையைக் காட்டி, அவசர வழி எங்கே என்று இரண்டு கைகளையும் நீட்டி. எங்கள் பஸ்ஸில் அவசர வழி கிடையாது. அது இருக்க வேண்டிய இடத்தில் ஒரு ஸ்டெப்னி டயர் கட்டியிருந்தது. அவர் நீட்டியது அந்த டயரைத்தான். பிறகு மூன்று பேர் உட்காரும் சீட்டில் நடுவில் இருப்பவருக்கு மேலங்கி கட்டாயம் என்ற விதியைப் படித்துவிட்டு, நாற்றுப் பண்ணையில் இருந்து கொண்டுவந்த வெள்ளை பாலிதீனை எடுத்து எனக்குப் போர்த்தினார். நான் அன்று நடு சீட். முப்பதாவது வளைவுக்குள் நான் பாதி வெந்துவிட்டேன். மறுநாளிலிருந்து அந்தப் பஸ்ஸில் நடு சீட்டுக்கு ஆள் கிடைக்கவில்லை. கூட்டமாக இருக்கும் பஸ்ஸில் பதினாறு சீட் காலியாகப் போனது அந்த வாரத்தில்தான்.

முதலாளிக்குத் தெரிந்தால் என்ன ஆகும் என்று டிரைவர் பயந்தார். பயணிகள் பல்லைக் கடித்தார்கள். மலைமேல் பஸ் நின்றதும் யாரும் எழுந்திருக்கக் கூடாது, முதல் வரிசை இறங்கி ஐந்து எண்ணிய பிறகு இரண்டாவது வரிசை. கடைசி வரிசைக்காரர்கள் இறங்குவதற்குள் டீக்கடையில் வடை தீர்ந்துவிடும். மூன்றாம் நாள் கடைசி வரிசையிலிருந்து ஒரு பெரியவர் எழுந்து சண்டைக்கே வந்துவிட்டார். இது என்ன பஸ்ஸா, ஆஸ்பத்திரியா என்று சத்தம் போட்டார்.

பைலட் கை கூப்பினார். அதுவரை அவர் யாரிடமும் கை கூப்பி நான் பார்த்ததில்லை.

"என்ற மக அங்க தனியாக் கெடக்குதுங்க. இவிய போய்ச் சேரோணும். ஊட்டுல சொல்லிக் குடுத்தா இவியளுக்கு வெளையாட்டு. நாலு பேரு மத்தியிலதான் படியும். மூணு வாரம் பொறுத்துக்கங்க."

பெரியவர் உட்கார்ந்தார். சட்டைப் பையிலிருந்து மாஸ்க்கை எடுத்து உதறி மாட்டிக்கொண்டார். அதன் பிறகு நடந்ததுதான் அதிசயம். ஒட்டுமொத்த பஸ்ஸும் செல்லக்காவை மஸ்கட்டுக்கு அனுப்பியே தீருவது என்று இறங்கிவிட்டது. ஏறும் வரிசையை வாழைக்காய் வியாபாரி ஒழுங்குபடுத்தினார். எவனாவது துண்டைத் தூக்கினால் அவர்தான் முதலில் கையைப் பிடித்தார்.

வாந்திக்குச் செல்லக்காவே ஒரு வழி கண்டுபிடித்தார். துணி மாஸ்க்குக்கு உட்புறம் ஒரு நாரத்தை இலையைக் கசக்கி வைத்துக்கொண்டார். ஒன்பதாவது வளைவு வந்தது, போனது. பத்து, பதினொன்று. செல்லக்கா அப்படியே உட்கார்ந்திருந்தார். பஸ்ஸே கை தட்டியது. பைலட் மட்டும் கவலையோடு என்னிடம் வந்து, இலை வைக்கக் கூடாது என்று அந்தத் தாளில் எங்காவது போட்டிருக்கிறதா என்று கேட்டார். இலையைப் பற்றி விமானக் கம்பெனி ஒன்றுமே சொல்லவில்லை என்றேன். அந்த வார இறுதியில் பஸ் முழுக்க நாரத்தை மணம். எனக்கும் ஒரு இலை வந்தது. உண்மையைச் சொன்னால் எனக்கும் அந்த ரோட்டில் குமட்டும். அரசு ஊழியர் என்பதால் அதுவரை வெளியில் சொன்னதில்லை.

இரண்டாவது வாரம் தண்டனை ஆரம்பமானது. மாஸ்க் மூக்கை விட்டு இறங்கினால் பயணி பஸ்ஸை விட்டு இறங்க வேண்டும். செல்லக்கா முதல் நாளே பதினான்காவது வளைவில் மாட்டினார். பக்கத்து வீட்டு நிச்சயதார்த்தம் நின்றுபோன கதையை யாரோ ஆரம்பிக்க, இவர் மாஸ்க்கை இறக்கிவிட்டு "எப்ப?" என்று கேட்டுவிட்டார். விசில் அடித்தது. பஸ் நின்றது. "எறங்குங்கம்மா" என்றார் பைலட். ஆளில்லாத காட்டு ரோட்டில் சொந்தப் பெண்டாட்டியை இறக்கிவிட்டு டபுள் விசில் கொடுத்த கண்டக்டரை நான் அன்றுதான் பார்த்தேன். எனக்கு ஆத்திரமாக வந்தது. எழுந்து கேட்கலாம் என்று நினைப்பதற்குள் பஸ் வளைவைச் சுற்றித் திரும்பியது. அடுத்த வளைவில் செல்லக்கா கையைக் காட்டிக்கொண்டு நிற்கிறார். கொண்டை ஊசி வளைவுகளுக்கு நடுவே செங்குத்தாக ஒரு ஒற்றையடிப் பாதை ஏறும். பஸ் சுற்றி வருவதற்குள் மலைக்காரர்கள் நடந்தே மேலே வந்துவிடுவார்கள்.

ஏறினார். பைலட் பக்கத்தில் வந்து நின்றார்.

"ஏனுங்கம்மா, எங்கீங்க போகோணும்?"

"மஸ்கட்டுக்குங்க" என்றார் செல்லக்கா, மாஸ்க்குக்கு உள்ளேயிருந்து.

பரீட்சை கடுமையாகிக்கொண்டே போனது. பைலட்டின் ஏற்பாட்டில் நாங்கள் ஒவ்வொருவராகச் செல்லக்காவை ஏமாற்ற வேண்டும். ஒருவர் உப்பு மிளகாய் தூவிய கொய்யாவை நீட்டுவார். ஒருவர் பாதிக் கதையைச் சொல்லி நிறுத்துவார். டிரைவர் திரும்பிப் பார்க்காமலே "அக்கா, உங்க மக வீடியோ கால்ல வருதுங்க" என்பார். என் முறை வந்தபோது நான் ஆபீஸ் குரலை வரவழைத்துக்கொண்டு, பாஸ்போர்ட் போட்டோவோடு முகம் ஒத்துப்போகிறதா பார்க்க வேண்டும், மாஸ்க்கைக் கொஞ்சம் இறக்குங்கள் என்றேன். செல்லக்கா நம்பி இறக்கிவிட்டார். இருபத்தேழாவது வளைவில் இறக்கிவிடப்பட்டார். பஸ் என் முதுகில் தட்டியது. எனக்கு ஒரே பெருமை. அந்தப் பெருமைக்கு நான் பட்டது பின்னால் வருகிறது.

மறுநாள் காலை பைலட் கடைசிச் சட்டத்தை அறிவித்தார். யார் சொன்னாலும் மாஸ்க்கை இறக்கக் கூடாது. போலீஸ் சொன்னாலும், சார் (அது நான்தான்) சொன்னாலும், தானே நேரில் வந்து சொன்னாலும். தான் எப்போது தன்னுடைய மாஸ்க்கைக் கழற்றுகிறாரோ அப்போதுதான் செல்லக்கா கழற்றலாம்.

அவர் கழற்றவே மாட்டார் என்பது எல்லோருக்கும் தெரியும். டீக்கடையில்கூடச் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்று குடித்துவிட்டு, மூடிக்கொண்டுதான் திரும்புவார். ஒரு தடவை செல்லக்கா என்னிடம் அலுத்துக்கொண்டார். "ஊட்டுலயும் அப்பிடித்தானுங்க. தூங்கறப்பவும் அதேதான். இவரு மூஞ்சியப் பாத்து எத்தன நாளாச்சுங்க. மீசை இருக்குதா போச்சான்னே தெரியல."

அதற்குப் பிறகு செல்லக்காவை யாராலும் வீழ்த்த முடியவில்லை. கொய்யாவைப் பையில் வாங்கி வைத்துக்கொண்டார். கதை சொன்னால் மூடிய வாயோடு "ம்" கொட்டினார். நான் இன்னொரு தடவை பாஸ்போர்ட் குரலை எடுத்தேன். அவர் என்னைப் பார்த்த பார்வையில் எனக்கே வெட்கமாகிவிட்டது. கடைசி வாரம் எழுபது வளைவிலும் அந்த மாஸ்க் ஒரு நூல் நகரவில்லை.

கிளம்பும் நாள் வந்தது. டெஸ்டில் கொரோனா இல்லை என்று காகிதம் வந்துவிட்டது. பஸ் ஸ்டாண்டில் ஊர் கூடி, மலைத்தேனும் மிளகும் ராகி மாவும் கட்டிக் கொடுத்தார்கள். வாழைக்காய் வியாபாரி ஒரு தார் வாழையோடு நின்றார். அதை விமானத்தில் விட மாட்டார்கள் என்று புரியவைப்பதற்குள் எனக்குத் தொண்டை வற்றிவிட்டது. வாடகைக் காரில் செல்லக்கா, பைலட், விவரம் தெரிந்தவன் என்ற முறையில் நான். மூன்று மணி நேரம். வழி நெடுக பைலட் விதிகளைச் சொல்லிக்கொண்டே வந்தார். செல்லக்கா ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்திருந்தார்.

விமான நிலைய வாசலில் தடுப்புக் கம்பி. டிக்கெட் உள்ளவர்கள் மட்டும் உள்ளே போகலாம். செல்லக்கா சாமான் வண்டியைத் தள்ளிக்கொண்டு வரிசையில் நின்றார். இடைவெளி விட்டு, மாஸ்க் மூக்குக்கு மேலே, அதற்கும் மேல் ஒரு பிளாஸ்டிக் ஷீல்டு. அந்த வரிசையிலேயே அவ்வளவு சுத்தமாக நின்ற பயணி வேறு யாரும் இல்லை. கம்பிக்கு இந்தப் பக்கம் பைலட் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றார். எனக்கும் கொஞ்சம் நிமிர்ந்துதான் இருந்தது.

வாசலில் இருந்த காவலர் வடக்கத்திக்காரர். பாஸ்போர்ட்டைப் பார்த்தார், செல்லக்காவைப் பார்த்தார். விரலால் மாஸ்க்கைக் கீழே இறக்கச் சைகை காட்டினார்.

செல்லக்கா மாட்டேன் என்று தலையாட்டினார்.

அவர் மறுபடி காட்டினார். போட்டோவைக் காட்டி, முகத்தைக் காட்டி. செல்லக்கா ஷீல்டை மட்டும் தூக்கிவிட்டு மாஸ்க்கை இரண்டு கையாலும் அழுத்திப் பிடித்துக்கொண்டார். முகத்தைச் சரிபார்க்க ஒரு நொடி இறக்கச் சொல்வார்கள் என்று அந்தத் தாளில் இல்லை. நான் பறந்த காலத்தில் மாஸ்க்கே கிடையாது. பதினேழு நாள் பாடம் நடத்திய இந்த மேதைக்கு அது தெரியாமல் போய்விட்டது.

கம்பிக்கு மேலே சாய்ந்து, நிஜமாகவே இறக்க வேண்டும் செல்லக்கா என்று கத்தினேன்.

"போங்க சார். அன்னிக்கும் இதே பாஸ்போட்டச் சொல்லித்தான ஏமாத்துனீங்க."

பின்னால் வரிசை நீண்டது. ஒரு குழந்தை அழுதது. யாரோ ஆங்கிலத்தில் சலித்துக்கொண்டார்கள். காவலர் பாஸ்போர்ட்டை மூடி, ஓரமாகப் போய் நில்லுங்கள் என்று கையைக் காட்டினார். இறக்கி விடுவது. பைலட் பயந்த அதே காரியம், விமானத்தில் ஏறுவதற்கு முன்பே, ஒழுங்காக மாஸ்க் போட்ட குற்றத்துக்காக.

"எறக்கு அம்மிணி" என்றார் பைலட். "நெசமாத்தான் சொல்றேன். எறக்கு."

பொது இடத்தில் அவர் மனைவியை அம்மிணி என்று கூப்பிட்டு நான் கேட்டது அதுதான் முதல் தடவை. செல்லக்கா அசையவில்லை. கண் மட்டும் கலங்கியிருந்தது.

"நீங்களே வந்து சொன்னாலும் எறக்காதேன்னு சொன்னது நீங்கதானுங்க. என்ற மககிட்டப் போகோணும். நான் தோக்க மாட்டேன்."

பைலட் இரண்டு கைகளையும் காதுக்குக் கொண்டுபோய், மாஸ்க்கைக் கழற்றினார்.

அத்தனை மாதத்தில் நானும் அன்றுதான் அந்த முகத்தைப் பார்த்தேன். மூக்குக்கு மேலே வெயிலில் கறுத்த முகம், கீழே வெளுத்த முகம். மீசை இருந்தது, முழுக்க நரைத்திருந்தது. கன்னம் ஒட்டிப்போயிருந்தது. மாஸ்க் மறைத்துவைத்திருந்த இடமெல்லாம் கண்ணீரில் நனைந்து கிடந்தது. காரில் ஏறியதிலிருந்தே அழுதுகொண்டு வந்திருக்கிறார், மனுஷன். விதிகளை ஒப்பித்துக்கொண்டே.

செல்லக்கா அவரையே பார்த்தார். பார்த்துக்கொண்டே மெதுவாக மாஸ்க்கை இறக்கினார். உள்ளே இருந்த நாரத்தை இலை கன்னத்தில் ஒட்டிக்கொண்டிருந்தது.

"ஏனுங்க, இப்பிடி எளச்சுப் போயிட்டீங்க?" என்றார்.

காவலர் போட்டோவையும் முகத்தையும் ஒப்பிட்டுப் பார்த்துத் தலையாட்டினார். வேலை முடிந்தது. ஆனால் செல்லக்கா நகரவில்லை, காவலரும் நகரச் சொல்லவில்லை. வரிசையில் சலித்துக்கொண்டவர்கள்கூடச் சும்மா நின்றார்கள். கடைசியில் பைலட்தான் "மூடு அம்மிணி. மூக்குக்கு மேல. போய்ட்டு வா" என்றார். செல்லக்கா இலையைச் சரியாக வைத்து, மாஸ்க்கை மூக்குக்கு மேலே இழுத்துவிட்டு, வண்டியைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனார். பக்கத்தில் நின்ற இன்னொரு காவலர் பைலட்டைப் பார்த்து மாஸ்க் போடச் சொன்னார். "தப்புத்தானுங்க" என்று சொல்லி அவசரமாகத் தன்னுடையதை எடுத்தார். பிழிந்தால் தண்ணீர் சொட்டும். நனைந்தால் மாற்ற வேண்டும் என்பது விதி. ஊருக்கெல்லாம் அந்த விதியைச் சொல்லிவிட்டு, தனக்கென்று மாற்று மாஸ்க் ஒன்றும் வைத்திருக்கவில்லை அவர். என் பையில் இருந்த புது மாஸ்க்கைக் கொடுத்தேன்.

மறுநாள் பஸ்ஸில் அத்தனை பேருக்கும் நடுவில் பைலட் செல்லக்காவின் குரல் செய்தியைப் போட்டுக் காட்டினார். விமானத்தில் அவர் மாஸ்க்கை ஒரு தடவைகூட இறக்கவில்லை. பக்கத்து சீட்டுக்காரர் தாடையில் மாட்டியிருந்ததைச் சைகையாலேயே மேலே ஏற்ற வைத்திருக்கிறார். ஒரே ஒரு குறைதான். விமானம் நின்றதும் வரிசையெல்லாம் பார்க்காமல் அத்தனை பேரும் குபீரென்று எழுந்து மூட்டையை இழுத்திருக்கிறார்கள். "நம்ம பஸ்ஸே தேவலைங்க" என்று முடித்திருந்தார். பஸ் அன்றைக்குச் சிரித்த சிரிப்பில் டிரைவர் வண்டியை ஓரம் கட்டிவிட்டார். நாலாம் நாள் பேத்தி பிறந்த செய்தி வந்தது. வாழைக்காய் வியாபாரி அந்தத் தாரைப் பழுக்கவைத்துப் பஸ் முழுக்க விநியோகித்தார். பைலட் மட்டும் சுவர் இல்லாததால் பின்கண்ணாடிப் பக்கம் திரும்பி நின்று சாப்பிட்டார்.

மஸ்கட்டில் செல்லக்கா மூன்று மாதம் இருந்தார். அந்த மூன்று மாதமும், துண்டு செல்லாது என்று சட்டம் போட்ட அதே மனிதர், தினமும் காலையில் கூட்டம் ஏறுவதற்கு முன்னால் தன் தோள் துண்டை எடுத்து மூன்றாவது வரிசை ஜன்னல் ஓரம் போட்டுவைப்பார். விவரம் தெரியாத வெளியூர்க்காரர்கள் யாராவது உட்காரப் போனால் "ஆள் வருதுங்க" என்பார். சந்தை நாளில் படி வரைக்கும் ஆள் தொங்கினாலும் எங்களில் ஒருவர்கூட அந்தத் துண்டை நகர்த்தவில்லை. எத்தனையோ காலை நேரங்களில் அந்தச் சீட்டுக்குப் பக்கத்தில் கம்பியைப் பிடித்தபடி எழுபது வளைவும் நின்றுகொண்டே போயிருக்கிறேன். ஒரு நாளும் எனக்குக் கால் வலித்ததில்லை.